மகன் டிஃபென்ஸ் கோச் ஆக வேண்டும் என்கிறான்: டிமிகோ ரையன்ஸ் போன பாதை அவனுக்கு ஒத்துவருமா?

கேள்வி: நாங்கள் ஹூஸ்டன் பக்கம் இருக்கிறோம். பதினொன்றாம் வகுப்பு படிக்கும் என் மகன் பள்ளியின் அமெரிக்கன் ஃபுட்பால் அணியில் லைன்பேக்கர், அதாவது எதிரணியைத் தடுக்கும் டிஃபென்ஸில் முன்வரிசைக்குப் பின்னால் நிற்பவன். ஒரே முழங்காலில் இரண்டு தடவை அறுவை சிகிச்சை ஆகிவிட்டது. இனி ஆட வேண்டாம் என்று டாக்டர் சொல்லிவிட்டார். "டிமிகோ ரையன்ஸ் மாதிரி நானும் கோச் ஆவேன்" என்கிறான். அவர் தொழில்முறை லீகான என்.எஃப்.எல்.-இல் பெரிய ஆட்டக்காரராக இருந்து, அங்கேயே கோச் ஆனவர். இவன் கல்லூரியில்கூட ஆடப்போவதில்லை. இது நடக்கிற காரியமா? என்ன படிக்க வைப்பது?

பதில்: நடக்கிற காரியம்தான். ஆனால் ரையன்ஸின் வாழ்க்கையில் எந்தப் பகுதியை உங்கள் மகன் பிடித்துக்கொள்ள வேண்டும் என்பதில் கவனம் தேவை. பெரும்பாலான பையன்கள் அவர் பெற்ற விருதுகளைத்தான் பார்க்கிறார்கள். அவருக்குக் கோச் வேலையை வாங்கித் தந்தது வேறு.

விருதுகளை முதலில் சொல்லிவிடுகிறேன். அலபாமா மாநிலம் பெஸமரில் 1984-இல் பிறந்தவர். அலபாமா பல்கலைக்கழகத்துக்கு ஆடினார். புது ஆட்டக்காரர்களை அணிகள் வரிசையாகத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்டில், 2006-இல் 33-வது ஆளாக ஹூஸ்டன் டெக்சன்ஸ் அணி எடுத்தது. முதல் சீசனிலேயே 150-க்கும் மேற்பட்ட டாக்கிள்கள் (பந்து வைத்திருப்பவரை மடக்கி வீழ்த்துவது), அந்த ஆண்டின் சிறந்த டிஃபென்ஸ் புதுமுகம் என்ற விருது. நட்சத்திர ஆட்டக்காரர்களுக்கான புரோ பவுலுக்கு இரண்டு தடவை தேர்வானார். 2010-இல் குதிகால் தசைநாண் அறுந்தது. 2012-இல் அவரை ஃபிலடெல்ஃபியா ஈகிள்ஸுக்கு மாற்றிவிட்டார்கள். 2014-இல் மறுபடியும் குதிகால் போனது. அதுவும் ஹூஸ்டன் மைதானத்திலேயே, பழைய அணிக்கு எதிராக ஆடும்போது. 2016 தொடக்கத்தில் ஈகிள்ஸ் அவரை விடுவித்தது. பத்து சீசன்களோடு ஆட்டம் முடிந்தது.

இனிதான் விஷயம். நடு லைன்பேக்கர் என்பவர் டிஃபென்ஸின் நடுவில் நிற்கிறவர் மட்டுமில்லை, களத்தில் கோச்சின் வாயும் அவர்தான். 2008 முதல் டிஃபென்ஸில் ஒருவருடைய ஹெல்மெட்டில் ஒலிபெருக்கி வைக்க என்.எஃப்.எல். அனுமதிக்கிறது. ஹெல்மெட்டின் பின்பக்கம் பச்சைப் பொட்டு ஒட்டியிருக்கும். பெரும்பாலும் அது நடு லைன்பேக்கர் தலையில்தான் இருக்கும். கோச் சொல்வது அவருக்கு மட்டும் கேட்கும். ஒவ்வொரு முறையும் பந்தைக் கிளப்பத் தரப்படும் நேரத்தில் 15 வினாடி மீதி இருக்கும்போது அந்தத் தொடர்பும் துண்டிக்கப்படும். அதற்குப் பிறகு எதிரணி வரிசையை மாற்றினால், மற்ற பத்துப் பேரை நகர்த்துவது இவர் பொறுப்பு. பதினொரு பேரின் வேலையும் தெரியாமல் அது முடியாது.

இன்னொன்றையும் நான் முக்கியமாக நினைக்கிறேன். அவர் வாழ்க்கைக் குறிப்பில் இது ஒரு வரியாகக் கடந்துபோகும். ஹூஸ்டனில் அவர் பழகியது முன்வரிசையில் நால்வர், பின்னால் மூன்று லைன்பேக்கர்கள் நிற்கும் முறை. 2011-இல் வேட் ஃபிலிப்ஸ் டிஃபென்ஸ் பொறுப்புக்கு வந்ததும் மூன்றும் நான்குமாக அது மாறியது. ரையன்ஸ் களத்தில் நிற்கும் நேரமும் குறைந்தது. ஃபிலடெல்ஃபியா போனால் மறுபடி நாலு-மூன்று. அந்த சீசன் நடுவிலேயே டிஃபென்ஸ் கோஆர்டினேட்டர், அதாவது டிஃபென்ஸ் முழுவதற்கும் பொறுப்பான கோச், மாறினார். 2013-இல் தலைமைக் கோச்சும் டிஃபென்ஸ் கோஆர்டினேட்டரும் மாறி, திரும்பவும் மூன்று-நாலு. ஒவ்வொரு தடவையும் புதுச் சொற்கள், புதுப் பொறுப்புகள். ஒரு ஆட்டக்காரருக்கு இது எரிச்சலான விஷயம். ஆனால் பிற்பாடு கோச் ஆகப்போகிறவருக்கு இதைவிட நல்ல பள்ளிக்கூடம் கிடையாது. ஒரே வேலையை நான்கு விதமாகக் கற்றவருக்குத்தான் அதை அடுத்தவருக்கு நான்கு விதமாகச் சொல்லித்தர முடியும்.

சரி, ஆட்டம் முடிந்ததும் என்ன வேலை கிடைத்தது? 2017-இல் சான் ஃபிரான்சிஸ்கோ ஃபார்ட்டி நைனர்ஸ் அணியில், டிஃபென்ஸ் குவாலிட்டி கன்ட்ரோல் கோச். பெயர் பெரிதாக இருக்கிறதே என்று நினைக்க வேண்டாம். கோச்சிங் ஏணியில் அதுதான் அடிமட்டப் படி. எதிரணியின் பழைய ஆட்டங்களின் வீடியோவைத் துண்டு துண்டாகப் பிரித்து, எத்தனையாவது டவுன் (பத்து யார்டு முன்னேறக் கிடைக்கும் நான்கு முயற்சிகளில் ஒன்று), எத்தனை யார்டு பாக்கி, யார் யார் எங்கே நின்றார்கள், ஓட்டமா பாஸா என்று ஒவ்வொன்றுக்கும் குறிப்பு எழுத வேண்டும். பயிற்சியில் எதிரணி போல ஆடிக்காட்டுகிறவர்களுக்குப் படம் வரைந்த அட்டைகள் தயாரிக்க வேண்டும். பத்து வருடம் கைதட்டல் வாங்கினவர் அந்த நாற்காலியில் போய் உட்கார்ந்தார். எனக்கு அவர் மேல் மரியாதை வந்தது அங்கேதான்.

2018-இல் அவரை உள் லைன்பேக்கர்களுக்குக் கோச் ஆக்கினார்கள். அதே ஆண்டு டிராஃப்டின் மூன்றாம் சுற்றில் வந்த ஃபிரெட் வார்னர் அவரிடம் வளர்ந்து, லீகின் தலைசிறந்த லைன்பேக்கர்களில் ஒருவரானார். 2021-இல் ரையன்ஸ் டிஃபென்ஸ் கோஆர்டினேட்டர். 2022 சீசனில் லீகிலேயே குறைவான புள்ளிகளையும் குறைவான யார்டுகளையும் விட்டுக்கொடுத்தது அவருடைய டிஃபென்ஸ்தான். சிறந்த உதவிக் கோச் விருதும் கிடைத்தது. 2023-இல் தன் பழைய அணியான டெக்சன்ஸுக்கே தலைமைக் கோச்சாகத் திரும்பினார். முந்தைய சீசனில் மூன்றே ஆட்டங்கள் வென்றிருந்த அணி அது. அவர் வந்த முதல் வருடமே பத்து வெற்றிகளோடு பிரிவில் முதலிடம் பிடித்து, பிளே-ஆஃபில் கிளீவ்லேண்டை 45-14 என்று வென்றது.

இப்போது உங்கள் உண்மையான கவலைக்கு வருகிறேன். 'அவர் ஆடியவர், இவன் ஆடாதவன்.' இதற்குப் பதில் ராபர்ட் சாலே. ரையன்ஸுக்கு முன்னால் சான் ஃபிரான்சிஸ்கோவில் டிஃபென்ஸ் கோஆர்டினேட்டராக இருந்தவர், ரையன்ஸின் மேலதிகாரி. அவர் ஒரு நாள்கூட என்.எஃப்.எல்.-இல் ஆடியதில்லை. நார்தர்ன் மிஷிகன் பல்கலைக்கழகத்தில் ஆடினார், நிதித்துறை படித்தார், டெட்ராய்ட்டில் வங்கி வேலைக்குப் போனார். 2001 செப்டம்பர் 11 அன்று அவருடைய அண்ணன் உலக வர்த்தக மையக் கட்டடத்திலிருந்து உயிர் தப்பினார். அது சாலேயை உலுக்கியது. வங்கி வேலையை விட்டுவிட்டு மிஷிகன் ஸ்டேட் பல்கலைக்கழகத்தில் முதுநிலை உதவியாளராக, சொற்பச் சம்பளத்தில் கோச்சிங்கைத் தொடங்கினார். 2005-இல் ஹூஸ்டனில் கீழ்மட்ட உதவியாளராகச் சேர்ந்தார். அடுத்த வருடம் ரையன்ஸ் அங்கே நட்சத்திரமாக வந்தார். பதினோரு வருடம் கழித்து அந்த நட்சத்திரம் இவருக்குக் கீழே வேலைக்குச் சேர்ந்தார். சான் ஃபிரான்சிஸ்கோ தலைமைக் கோச் கைல் ஷனஹனும் அதே காலத்தில் ஹூஸ்டனில் உதவிக் கோச்சாக இருந்தவர்தான். கூட வேலை பார்த்தவர்கள் நம்மை எப்படி நினைவு வைத்திருக்கிறார்கள் என்பது இந்தத் தொழிலில் பட்டத்தைவிடப் பெரிய சான்றிதழ். இதை மகனிடம் அழுத்திச் சொல்லுங்கள்.

படிப்பு பற்றி. கோச்சிங்கிற்கென்று தனிப் பட்டம் கட்டாயமில்லை. உங்கள் மாநிலத்தில் பள்ளிக் கோச்சுகள் பெரும்பாலும் ஆசிரியர்களாகவும் இருக்கிறார்கள். பள்ளி விளையாட்டுகளை நடத்தும் யூ.ஐ.எல். அமைப்பும், கோச் என்பவர் பள்ளி மாவட்டத்தின் முழுநேர ஊழியராக இருக்க வேண்டும் என்று எதிர்பார்க்கிறது. ஆகவே கணிதமோ அறிவியலோ வரலாறோ, பிடித்த ஒன்றில் இளநிலைப் பட்டமும் ஆசிரியர் சான்றிதழும் இருந்தால் கையில் நிலையான வேலை ஒன்று இருக்கும். கோச்சிங்கிற்கு அதன்மேல் தனிப்படி தருவார்கள். நானாக இருந்தால் இந்த வழியைத்தான் முதலில் வைப்பேன். கல்லூரி மட்டத்தில்தான் ஆசை என்றால், நல்ல ஃபுட்பால் அணி உள்ள கல்லூரியில் சேர்ந்து முதல் வருடமே மாணவ உதவியாளராகவோ வீடியோ பிரிவிலோ இடம் கேட்க வேண்டும். பட்டம் முடித்தபின் முதுநிலை உதவியாளர் இடத்துக்கு முயலலாம். மேற்படிப்பும் கோச்சிங்கும் ஒன்றாக ஓடும்.

மேல்மட்டத்தில் வேலை நிலைக்காது என்பதையும் மறைக்கக்கூடாது. நியூ இங்கிலாந்து அணியின் நட்சத்திர லைன்பேக்கராக இருந்த ஜெராட் மேயோ 2024-இல் அதே அணிக்குத் தலைமைக் கோச் ஆனார். நான்கு வெற்றி, பதின்மூன்று தோல்வி. ஒரே சீசனில் அனுப்பிவிட்டார்கள். பின்னாளில் நியூயார்க் ஜெட்ஸின் தலைமைக் கோச்சான சாலேயையே அந்த அணி 2024-இல் ஐந்து ஆட்டங்கள் முடிந்ததும் நீக்கியது. தலைமைக் கோச் போனால் கீழே உள்ள உதவியாளர்களின் வேலையும் ஆட்டம் காணும். வீடு மாறும், ஊர் மாறும். அந்த ஆசிரியர் சான்றிதழை நான் வற்புறுத்துவது இதனால்தான்.

இந்த சீசனில் செய்ய வேண்டியது ஒன்று இருக்கிறது. ஆட முடியாவிட்டாலும் அணியை விட்டு விலக விடாதீர்கள். பள்ளியின் தலைமைக் கோச்சிடம் அவனே போய்க் கேட்கட்டும்: "வீடியோ பிரிக்கிற வேலை இருந்தால் தருவீர்களா, கோச்?" நீங்கள் கூடப் போக வேண்டாம். வெள்ளிக்கிழமை ஆட்டத்துக்குள் எதிரணி மூன்றாவது டவுனில் என்னென்ன செய்தது என்று ஒரு பக்கம் எழுதித் தரட்டும். அடுத்த வாரமும் எழுதட்டும். ஞாயிற்றுக்கிழமை தொலைக்காட்சியில் டெக்சன்ஸ் ஆட்டம் பார்க்கும்போது, ஒரு கால்பகுதி முழுக்கப் பந்தைப் பார்க்காமல் நடு லைன்பேக்கரை மட்டும் பார்க்கச் சொல்லுங்கள். பந்து கிளம்பும் முன் அவர் யாரிடம் கை காட்டுகிறார், யாரை நகரச் சொல்கிறார், எதைப் பார்த்து அப்படிச் சொன்னார் என்று ஒரு நோட்டில் குறித்து வைக்கட்டும். டிசம்பர் வரை அந்த நோட்டு நிரம்பிக்கொண்டே இருந்தால், கல்லூரி விண்ணப்பத்தைப் பற்றி அப்போது பேசலாம்.