"90 நாளில் வருமானம் இரட்டிப்பு" என்று வாக்குக் கொடுத்தவரிடம் பணத்தைத் திரும்ப வாங்க முடியுமா?

கேள்வி: வக்கீல் அண்ணா, பல்லடம் பக்கம் நாலு தறி போட்டுக் கூலிக்கு ஓட்டுகிறேன். பாவு சரியாக வராமல் தறி நின்றிருந்த சமயத்தில், ஒரு யூடியூப் சேனலில் பணத்தை ஈர்க்கும் மனப்பயிற்சி என்று ஒருவரைப் பேட்டி எடுத்திருந்தார்கள். முதலில் 99 ரூபாய் வகுப்பு, அடுத்து 4,999, அப்புறம் "டைமண்ட்" வகுப்பு என்று 1,20,000 கட்டினேன். அதில் 40,000 வீட்டுக்காரியின் நகையை அடகு வைத்தது, 80,000 அவர்களே ஆப்பில் போட்டுக்கொடுத்த கடன். 90 நாளில் வருமானம் இரட்டிப்பாகாவிட்டால் முழுப் பணமும் வாபஸ் என்றார்கள். ஏழு மாதம் ஆகிவிட்டது. கேட்டால் "உங்கள் எண்ணம் சரியில்லை" என்கிறார்கள். வீடியோவின் கீழ் நடந்ததை எழுதினேன், குரூப்பிலிருந்து தூக்கிவிட்டு, 10 லட்சம் மானநஷ்டம் கேட்டு வக்கீல் நோட்டீஸ் அனுப்பிவிட்டார்கள். 15 நாளில் பதில் சொல்ல வேண்டுமாம். விதிமுறையில் "பணம் திரும்பத் தரப்படாது, வழக்கு பெங்களூரில் மட்டும்" என்று இருக்கிறது. நகை விஷயம் வீட்டில் இன்னும் தெரியாது.

பதில்: தம்பி, முதலில் அந்த நோட்டீஸைப் பார்த்துப் பயப்படாதீர்கள். வக்கீல் நோட்டீஸ் என்பது வழக்கு இல்லை, ஒரு கடிதம்தான். ஆனால் பதில் போடாமல் விட்டுவிடாதீர்கள், 15 நாளுக்குள் ஒரு வக்கீல் மூலம் பதில் போக வேண்டும். அவதூறு, பழைய இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில் 356-ஆம் பிரிவு, இரண்டு வருடம் வரை தண்டனை உண்டு. அதே பிரிவில் விதிவிலக்குகளும் இருக்கின்றன. பொது நன்மைக்காகச் சொன்ன உண்மையும், நல்லெண்ணத்தில் சொன்ன கருத்தும் அவதூறு ஆகாது. "இவ்வளவு கட்டினேன், இதைச் சொன்னார்கள், இது நடக்கவில்லை" என்று நீங்கள் எழுதியது உங்கள் அனுபவம். "திருடன்", "பிராடு" என்று ஏதாவது வார்த்தை விட்டிருந்தால் அதை என்னிடம் மறைக்காதீர்கள். இனி புதிதாக எதுவும் எழுத வேண்டாம்.

இப்போது பணத்துக்கு வருவோம். உங்கள் வழக்கே அந்த "90 நாள், இல்லையென்றால் வாபஸ்" என்ற வாக்குறுதிதான். அது எங்கே இருக்கிறது? விளம்பரத்திலா, வாட்ஸ்அப்பிலா, போனில் பேசிய பையன் வாய்வார்த்தையாகச் சொன்னானா? வாட்ஸ்அப்பில் இருந்தால், குரூப்பிலிருந்து நீக்கினாலும் பழைய செய்திகள் உங்கள் போனில் இருக்கும், நீங்களே அழித்துவிடாதீர்கள். இன்றே அந்த உரையாடலை "எக்ஸ்போர்ட்" செய்து மெயிலில் போட்டு வையுங்கள். பேட்டி வீடியோவையும் விளம்பரப் பக்கத்தையும் முகவரி, தேதி தெரியும்படி ஸ்கிரீன் ரெக்கார்டிங் எடுங்கள், புகார் போனதும் அவர்கள் முதலில் அழிப்பது அதைத்தான். போனை மாற்றவோ ரீசெட் செய்யவோ வேண்டாம், மின்னணுச் சாட்சிக்குப் புதிய சாட்சியச் சட்டத்தின் (பாரதிய சாக்ஷ்ய அதினியம்) 63-ஆம் பிரிவுச் சான்று கேட்டால் அந்தக் கருவி வேண்டியிருக்கும்.

அப்புறம் ஜிபேயைத் திறந்து பணம் யார் பெயருக்குப் போனது என்று பாருங்கள். மேடையில் பேசுபவர் பெயர் ஒன்றாக இருக்கும், பணம் போன கணக்கின் பெயர் வேறாக இருக்கும். பில் கொடுத்திருந்தால் அதில் ஜிஎஸ்டி எண் இருக்கும், அதை ஜிஎஸ்டி இணையதளத்தில் போட்டால் பதிவு செய்த பெயரும் விலாசமும் கிடைத்துவிடும். நோட்டீஸ் அனுப்பவும் வழக்குப் போடவும் நமக்கு வேண்டியது அதுதான்.

"பெங்களூரில் மட்டும்" என்ற வரியை நினைத்துத் தூக்கத்தைக் கெடுத்துக்கொள்ளாதீர்கள். 2019-ஆம் வருட நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தின் 34-ஆம் பிரிவுப்படி, புகார் கொடுப்பவர் குடியிருக்கும் ஊரிலேயே வழக்குப் போடலாம். உங்களுக்குத் திருப்பூர் மாவட்ட நுகர்வோர் ஆணையம். கட்டிய தொகை 5 லட்சத்துக்குள் என்பதால் கட்டணமே கிடையாது, நீங்கள் கட்டியது மொத்தம் 1,25,098. நுகர்வோர் வழக்குக்கான அரசு இணையதளமான இ-ஜாக்ரிதி வழியாகவும் போடலாம், வக்கீல் கட்டாயம் இல்லை. ஆர்பிட்ரேஷன், அதாவது தகராறைத் தனி நடுவர்தான் தீர்க்க வேண்டும் என்று ஒரு வரி இருந்தாலும் நுகர்வோர் வழக்கை அது தடுக்காது என்று 2018-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. "பணம் திரும்பத் தரப்படாது" என்று ஒரு பக்கம் எழுதிவிட்டு, இன்னொரு பக்கம் வாபஸ் என்று ஆசை காட்டி விற்றால், நம் வாதம் அதுவே முறையற்ற வணிக நடைமுறை என்பதுதான். காலக்கெடு இரண்டு வருடம். ஏழு மாதம் போய்விட்டது, இனியும் தள்ளிப்போடாதீர்கள்.

எதிர்த்தரப்பு வக்கீல் ஒரு கேள்வி கட்டாயம் கேட்பார்: "இவர் தொழில் வருமானத்துக்காகச் சேர்ந்தவர், நுகர்வோரே இல்லை." நாலு தறியை நீங்களும் வீட்டாரும் ஓட்டிப் பிழைக்கிறீர்கள், இது வயிற்றுப் பிழைப்புக்கான சுயதொழில் என்று புகாரின் முதல் பத்தியிலேயே எழுதிவிடுங்கள்.

அந்தப் பேட்டி எடுத்த சேனலையும் நான் விடமாட்டேன். உங்களுக்குக் குருவைத் தெரியாது, சேனல்காரரைத்தான் தெரியும், அவரை நம்பித்தானே பணம் கட்டினீர்கள்? காசு வாங்கிக்கொண்டு பேசினால் அதை வீடியோவிலேயே வெளிப்படையாகச் சொல்ல வேண்டும் என்று மத்திய அரசு 2023 ஜனவரியில் வழிகாட்டுதல் வெளியிட்டிருக்கிறது. பொய் விளம்பரம் என்று தெரிந்தால் மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் பரிந்துரைத்தவருக்கும் 10 லட்சம் வரை அபராதம் போடலாம், திரும்பச் செய்தால் 50 லட்சம் வரை. விசாரித்துப் பார்த்துத்தான் பரிந்துரைத்தேன் என்று அவர் காட்டினால் தப்பிக்கலாம். அந்த அபராதம் உங்கள் கைக்கு வராது, ஆனால் அடுத்த ஆள் மாட்டாமல் இருப்பான். தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-க்குப் போன் செய்தும் புகாரைப் பதிவு செய்யுங்கள், சில சமயம் அதிலேயே நிறுவனம் இறங்கி வரும்.

கடனை மட்டும் கோபத்தில் நிறுத்திவிடாதீர்கள். தவணை நின்றால் சிபிலில் உங்கள் பெயர்தான் கெடும், நாளைக்குத் தறிக்குக் கடன் கேட்டால் வங்கி கையை விரிக்கும். கடன் கொடுத்த நிறுவனத்துக்கு எழுத்தில் புகார் கொடுங்கள், 30 நாளில் பதில் இல்லையென்றால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பு அதிகாரியான ஓம்புட்ஸ்மேனிடம் போகலாம். நுகர்வோர் வழக்கில் அந்த நிறுவனத்தையும் எதிர்த்தரப்பாகச் சேர்த்து, தவணைக்கு இடைக்காலத் தடை கேட்போம். கொடுத்தே தீருவார்கள் என்று நான் வாக்குத் தரமாட்டேன்.

போலீஸுக்குப் போகலாமா என்றால், போகலாம். பாரதிய நியாய சன்ஹிதாவின் 318(4) பிரிவு ஏமாற்றுக் குற்றம், ஏழு வருடம் வரை தண்டனை. ஆனால் ஆரம்பத்திலிருந்தே ஏமாற்றும் எண்ணம் இருந்தது என்று காட்ட வேண்டும், "இது சிவில்" என்று ஸ்டேஷனில் திருப்பி அனுப்பப் பார்ப்பார்கள். அதே வாக்குறுதியை நம்பிக் கட்டிய இன்னும் நாலைந்து பேர் குரூப்பில் இருந்தால் அவர்களைக் கண்டுபிடியுங்கள், அப்போது கேஸே வேறு மாதிரி. 1930 என்ற சைபர் குற்ற உதவி எண், பணம் போன சில மணி நேரத்துக்குள் கணக்கை முடக்கத்தான் அதிகம் உதவும், ஏழு மாதத்துக்குப் பிறகு அதை நம்பி உட்கார்ந்துவிடாதீர்கள்.

2012-இல் பெருந்துறைப் பக்கம் ஈமு கோழி நிறுவனங்கள் விழுந்தபோது, ரசீதுக் கட்டோடு ஜனங்கள் வக்கீல் ஆபீஸ்களில் வரிசையாக நின்றார்கள். அது டெபாசிட் வாங்கிய வழக்கு, அதற்கு 1997-ஆம் வருடத் தமிழ்நாடு முதலீட்டாளர் பாதுகாப்புச் சட்டம் இருந்தது. உங்களிடம் வாங்கியது வகுப்புக் கட்டணம், அது இதில் வராது. ஆனால் அந்த ஆள் "முதலீடு" என்று யாரிடமாவது வட்டி சொல்லிப் பணம் வாங்கியிருந்தால் எனக்குச் சொல்லுங்கள், பாதையே மாறும்.

இன்னொன்று. நகை அடகு வைத்த ரசீதில் இருக்கும் தேதியும் நீங்கள் பணம் கட்டிய தேதியும் நமக்குச் சாட்சி, மன உளைச்சலுக்கு இழப்பீடு கேட்கவும் அதுதான் உதவும். கேஸ் என்று வந்தால் அந்த ரசீதைத் தாக்கல் செய்தாக வேண்டும், அதனால் ஊர் மூலம் வீட்டில் தெரிவதற்கு முன்னால் இன்றைக்கு ராத்திரியே நீங்களே வாய்விட்டுச் சொல்லிவிடுங்கள். ஏமாற்றியது அவர்கள், நீங்கள் தலைகுனிய வேண்டியதில்லை தம்பி. ரசீது, பில், நோட்டீஸ், போன் எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு இந்த வாரமே உங்கள் ஊர் வக்கீல் ஒருவரைப் பாருங்கள், முதல் வேலையாக அந்த நோட்டீஸுக்குப் பதில் போகட்டும்.