சிந்தியாவின் கார்சோம்ப்பை வீழ்த்த லெவல் 70 வேண்டுமா?

கடலூர் மஞ்சக்குப்பத்திலிருந்து ஒரு கல்லூரி மாணவர் கேட்கிறார்: "பிரான்ஸில் இருக்கும் சித்தப்பா போன லீவுக்கு வந்தபோது நின்டெண்டோ ஸ்விட்ச்சும் போகிமான் ஷைனிங் பேர்ல் கேமும் வாங்கி வந்தார். எட்டு ஜிம்மையும் முடித்து, லீக்கில் நான்கு பேரையும் தாண்டிவிட்டேன். சாம்பியன் சிந்தியாவிடம் மட்டும் திரும்பத் திரும்பத் தோற்கிறேன். அவளுடைய கார்சோம்ப் என்ற போகிமான் ஒன்றே என் டீமில் மூன்று நான்கு பேரைச் சாய்த்துவிடுகிறது. என்னிடம் இருப்பவை எம்போலியன், ஸ்டாராப்டர், லக்ஸ்ரே, ரோசரேட், கயாரடோஸ், அஸூமாரில். எல்லாமே லெவல் 60 பக்கம். 70 வரை ஏற்றிவிட்டுப் போகட்டுமா? இல்லை, பால்கியாவைச் சேர்த்துக்கொண்டால் போதுமா?"

இரண்டும் தேவையில்லை தம்பி. உங்கள் டீம் பட்டியலைப் பார்த்ததும் எனக்குச் சந்தோஷமாக இருந்தது. கார்சோம்ப்புக்கான பதில் அதற்குள்ளேயே முழுசாக இருக்கிறது. ஆறு பேரையும் அடிக்க மட்டும் அனுப்புகிறீர்கள், அதுதான் சிக்கல். புதுச்சேரியில் பெத்தாங்க் என்ற பிரெஞ்சு இரும்புக் குண்டு ஆட்டம் ஆடுகிறவர்களுக்கு இது தெரியும்: எதிராளியின் குண்டை அடித்துத் தள்ளுகிறவன் மட்டும் இருந்தால் ஆட்டம் கைக்கு வராது, இலக்கான சின்னக் கட்டைக்கு ஒட்டி நிதானமாகப் போடுகிறவனும் டீமில் வேண்டும். பாஸ் சண்டையில் அந்த வேலையைச் செய்வது, அடிக்காமல் ஆளை மாற்றுவதற்குச் செலவிடும் டர்ன், அதாவது உங்கள் முறை.

முதலில் லெவல் கணக்கு. 60இலிருந்து 65க்கு ஏற்றினால் தாக்கும் பலம், தாங்கும் பலம், வேகம் எல்லாம் ஏறக்குறைய 8 சதவீதம் கூடும். அதற்கு எத்தனை மணி நேரம் புல்லில் அலைய வேண்டும் என்று உங்களுக்கே தெரியும். எக்ஸ் அட்டாக் என்ற பொருளை ஒரே ஒருமுறை போட்டால் அந்தப் போகிமான் களத்தில் நிற்கும்வரை அதன் தாக்கும் பலம் இரட்டிப்பு. சரியான டைப் (நீர், நெருப்பு போன்ற இனம்) உள்ளதை உள்ளே விட்டால் எதிராளியின் அடி சுத்தமாகப் பூஜ்யம். எந்த லெவலும் பூஜ்யத்தைத் தராது.

சிந்தியா கஷ்டமாகத் தெரிவதற்கு வேறொரு காரணமும் உண்டு. 2006இல் ஜப்பானில் வந்த டைமண்ட், பேர்ல் கேம்களின் மறுபதிப்புதான் 2021இல் வந்த உங்கள் கேம். அவளுடைய ஆறு பேரும் அவர்களின் லெவலும் பழையபடியேதான்: 60இல் தொடங்கி கார்சோம்ப் 66. ஆனால் மறுபதிப்பில் ஒவ்வொன்றின் கையிலும் ஒரு பொருளைக் கொடுத்து, மறைவான பயிற்சிப் புள்ளிகளையும் போட்டி ஆட்டக்காரர்கள் செய்வதுபோல முழுசாக ஏற்றிவைத்திருக்கிறார்கள். ஒரு திறனுக்கு 252, மொத்தம் 510 என்பது அந்தப் புள்ளிகளின் உச்சவரம்பு. கதையோட்டத்தில் வளர்ந்த உங்கள் ஸ்டாராப்டர் புத்தகக் கணக்கில் அவளுடைய லூகாரியோவைவிட வேகமானது. சண்டையில் லூகாரியோ முந்துவது இதனால்தான். "நான்தான் முதலில் அடிப்பேன்" என்ற நினைப்பை அவளிடம் போகும் முன்பே விட்டுவிடுங்கள். முதல் அடி அவளுடையது என்று வைத்துக்கொண்டு திட்டம் போடுங்கள்.

இனி கார்சோம்ப். டிராகன், கிரவுண்ட் என்று இரண்டு டைப். அதனிடம் இருக்கும் நான்கு மூவ்கள் (சண்டை வித்தைகள்): எர்த்குவேக், டிராகன் கிளா, பாய்சன் ஜேப், தன் தாக்கும் பலத்தை இரட்டிப்பாக்கிக்கொள்ளும் ஸ்வார்ட்ஸ் டான்ஸ். அடிக்கும் மூவ் மூன்றுதான், மூன்றுக்கும் தீண்டவே முடியாத டைப் ஒன்று உண்டு. கிரவுண்ட் மூவான எர்த்குவேக் பறக்கிறவற்றின் மேல் படாது. டிராகன் மூவ் ஃபேரியின் மேல் படாது. பாய்சன் மூவ் ஸ்டீலின் மேல் படாது. உங்களிடம் பறப்பதற்குக் கயாரடோஸ், ஸ்டாராப்டர் என்று இரண்டு. ஃபேரிக்கு அஸூமாரில். ஸ்டீலுக்கு எம்போலியன். லெவல் 80 கார்சோம்ப் வந்தாலும் இந்தப் பூட்டு மாறாது.

பூட்டை எப்படிப் போடுவது? கம்ப்யூட்டர் பெரும்பாலும் எதிரே நிற்பவருக்கு எது அதிகம் வலிக்குமோ அதையே தேர்ந்தெடுக்கும். ஆகவே லக்ஸ்ரேயோ எம்போலியனோ நிற்கும்போது கார்சோம்ப் வந்தால் அடுத்து வரப்போவது எர்த்குவேக் என்று எழுதி வைத்துக்கொள்ளலாம். எதிர்த்து அடிக்காதீர்கள். அந்த டர்னில் கயாரடோஸை உள்ளே கொண்டுவாருங்கள். எர்த்குவேக் வீண். அதோடு கயாரடோஸ் களத்தில் கால் வைத்ததும் அதன் இன்டிமிடேட் என்ற எபிலிட்டி (பிறவிக் குணம்) வேலை செய்து, கார்சோம்ப்பின் தாக்கும் பலத்தை மூன்றில் இரண்டு பங்காக இறக்கிவிடும். ஒரே டர்னில் அடியும் வாங்கவில்லை, எதிராளியின் பல்லையும் பிடுங்கியாயிற்று.

கயாரடோஸைப் பார்த்ததும் அது டிராகன் கிளாவுக்குத் தாவும். பலம் குறைந்த கிளாவை, முழு ஹெச்.பி.யில் (உயிர்ப் புள்ளிகளில்) இருக்கும் லெவல் 60 கயாரடோஸ் பெரும்பாலும் இரண்டு முறை தாங்கும். அந்த இரண்டு டர்னும் ஐஸ் ஃபாங் போடுங்கள். ஐஸ் என்றால் கார்சோம்ப்புக்கு நான்கு மடங்கு வலி. ஆனால் உங்களைப்போலப் பலரும் தடுமாறும் இடமும் இதுதான். அதன் கையில் யாச்சி பெர்ரி இருக்கிறது. முதல் ஐஸ் அடியைப் பாதியாகக் குறைத்துவிட்டு அந்தப் பெர்ரி தீர்ந்துவிடும். "நான்கு மடங்கு அடித்தும் விழவில்லையே" என்று பதறி ஆளை மாற்றிவிட்டால், பெர்ரியை உடைத்த பலனை நீங்களே கைவிடுகிறீர்கள். முதல் ஐஸ் ஃபாங் பெர்ரியை உடைப்பதற்கு. இரண்டாவதுதான் கார்சோம்ப்புக்கு. நடுவில் சிந்தியா ஃபுல் ரெஸ்டோர் என்ற மருந்தைப் போட்டாலும் கவலை வேண்டாம். ஹெச்.பி. திரும்பும், பெர்ரி திரும்பாது.

ஸ்வார்ட்ஸ் டான்ஸ் ஆடிவிட்டால்? அப்போது கயாரடோஸை நிறுத்தி வைக்காதீர்கள். அடுத்தது டிராகன் கிளாதான் என்பதால் அஸூமாரிலை விடுங்கள், ஒன்றும் படாது. இனி கொஞ்சம் கவனம். அஸூமாரிலுக்கு எதிராகப் பாய்சன் ஜேப் இரண்டு மடங்கு வலிக்கும். ஆனால் கார்சோம்ப்பின் சொந்த டைப் என்பதால் எர்த்குவேக்குக்கு ஒன்றரை மடங்கு பலம் உண்டு, இரண்டும் கிட்டத்தட்ட ஒரே அளவுதான். எது வரும் என்று உறுதியாகச் சொல்ல முடியாது. பாய்சன் ஜேப் வருமென்று நம்பி எம்போலியனை விட்டு எர்த்குவேக் வந்துவிட்டால் எம்போலியன் அங்கேயே காலி. அதனால் அந்த இடத்தில் நான் ஸ்டாராப்டரைத்தான் விடச் சொல்வேன். எர்த்குவேக் வந்தால் படாது, பாய்சன் ஜேப் வந்தாலும் சாதாரண வலிதான், உள்ளே வந்த கையோடு இன்னொரு இன்டிமிடேட். இப்படி இரண்டு சுற்று மாற்றினால் கார்சோம்ப் ஆடிய டான்ஸ் முழுக்கக் கரைந்துவிடும். பலம் இறங்கிய பிறகு அஸூமாரில் தாராளமாக நின்று ஒரு அடி வாங்கிக்கொண்டு பிளே ரஃப் என்ற ஃபேரி மூவைப் போடலாம்.

அஸூமாரிலின் எபிலிட்டி என்ன என்று இன்றே பாருங்கள். ஹியூஜ் பவர் என்றால் அதன் தாக்கும் பலம் இரட்டிப்பு, இந்தச் சண்டையில் அது தங்கம். திக் ஃபேட் என்றால் பிளே ரஃப் பாதிக்குப் பாதிதான் இறங்கும். அப்படியானால் ஹியூஜ் பவர் உள்ள இன்னொரு மரில்லை (அஸூமாரிலின் முந்தைய வடிவம்) தேடிப் பிடித்து வளர்ப்பது, மொத்த டீமையும் பத்து லெவல் ஏற்றுவதைவிட எவ்வளவோ மேல். லக்ஸ்ரேயையும் பாருங்கள். சில லக்ஸ்ரேக்களுக்கு இன்டிமிடேட் இருக்கும். உங்களுடையதற்கும் இருந்தால் மூன்றாவது ஆள் கிடைத்தாற்போல். ஆனால் லக்ஸ்ரேயை எர்த்குவேக் எதிரில் கொண்டு விடாதீர்கள்.

பால்கியாவைப் பற்றிக் கேட்டீர்கள். பெயருக்குப் பெரிய போகிமான்தான். ஆனால் அதுவும் டிராகன். கார்சோம்ப்பின் டிராகன் கிளா அதற்கு இரண்டு மடங்கு வலிக்கும். லெவல் 47இல் பிடித்ததை அப்படியே கொண்டுபோனால் ஒரு அடி தாங்காது.

மற்ற ஐந்து பேரில் மைலோடிக்கிடம்தான் கொஞ்சம் நேரம் செலவிட வேண்டும். அதன் கையில் ஃப்ளேம் ஆர்ப். முதல் டர்ன் முடியும்போது தன்னையே சுட்டுக்கொள்ளும், உடனே மார்வெல் ஸ்கேல் என்ற எபிலிட்டியால் உடல் தாக்குதலைத் தாங்கும் பலம் ஒன்றரை மடங்காகிவிடும். அதாவது அது வந்த முதல் டர்னில் மட்டும் கவசம் கிடையாது. லக்ஸ்ரேயின் மிகப் பலமான எலக்ட்ரிக் உடல் தாக்குதலை அந்த டர்னிலேயே போட்டுவிடுங்கள். உடலைத் தொடாத ஸ்பெஷல் தாக்குதலால் அடிக்கலாமே என்று ரோசரேட்டை விட்டால் மிரர் கோட் காத்திருக்கிறது, வாங்கியதை இரண்டு மடங்காகத் திருப்பித் தரும். ஒரே அடியில் சாயும் நிலை வந்தால் மட்டும் ரோசரேட். ஏற்கெனவே சுட்டுக்கொண்டு நிற்பதால் தூங்க வைப்பதும் விஷம் ஏற்றுவதும் அதன் மேல் செல்லாது, அந்த மூவ்களில் டர்னை வீணாக்காதீர்கள். அதன் ஸ்கால்டில் உங்களுக்குச் சூடு பட்டால் உடல் தாக்குதலின் வலி பாதியாகிவிடும், லக்ஸ்ரேக்கு அப்படி ஆனால் உடனே மருந்து போடுங்கள்.

லூகாரியோவுக்குக் கயாரடோஸே போதும். ஃபைட்டிங், ஸ்டீல் இரண்டு மூவ்களும் அதன் மேல் பாதியாகத்தான் விழும். மூவ் கற்றுக்கொடுக்கும் பொருளான டி.எம்.களில் 26ஆவதைக் கொண்டு எர்த்குவேக் கற்றுக்கொடுத்திருந்தால் இரண்டு மடங்கு திருப்பிக் கொடுக்கும். சைக்கிள் ரோட்டுக்குக் கீழே மறைந்திருக்கும் வேவார்ட் குகையின் ரகசிய வாசல் வழியாக உள்ளே போனால் அந்த டி.எம். கிடைக்கும். இந்தக் கேமில் டி.எம். ஒருமுறைதான் செல்லும் என்பதால் வேறு யாருக்கும் கொடுத்துவிடாதீர்கள். லூகாரியோ தன் ஸ்பெஷல் தாக்கும் பலத்தை ஏற்றிக்கொள்ள நாஸ்டி பிளாட் போடும் டர்ன் உங்களுக்குக் கிடைக்கும் இலவச டர்ன், அப்போது மருந்து போடாமல் அடியுங்கள். காஸ்ட்ரோடான் உங்கள் ரோசரேட்டின் புல் மூவுக்கு நான்கு மடங்கு பலவீனம். அவளுடைய ரோசரேட்டை ஸ்டாராப்டரிடம் விடுங்கள். சண்டையைத் தொடங்கும் ஸ்பிரிட்டூமுக்கு ஃபேரி டைப் 2013இல் வரும்வரை பலவீனமே கிடையாது. இப்போது அஸூமாரிலின் பிளே ரஃப் இருக்கிறது, அதையே முதல் ஆளாக வையுங்கள்.

மருந்து விஷயத்தில் ஒரு கணக்கைக் கறாராகப் பிடித்துக்கொள்ளுங்கள். எதிராளியின் ஒரு அடி உங்கள் ஹெச்.பி.யில் பாதிக்கு மேல் தின்கிறது என்றால் ஃபுல் ரெஸ்டோர் போட்டு ஒன்றும் ஆகாது. அடுத்த டர்னிலேயே அதே இடத்தில் நிற்பீர்கள், ஒரு பாட்டில் குறைந்திருக்கும். அப்போது அந்தப் போகிமானை விழ விடுங்கள். விழுந்தபின் அடுத்தவர் அடி வாங்காமல் உள்ளே வருவார். அவர் வலி தாங்கக்கூடியவராக இருந்தால் அவரை நிறுத்திக்கொண்டு பின்னால் விழுந்து கிடப்பவருக்கு எழுப்பும் மருந்தான ரிவைவ் கொடுக்கலாம். கயாரடோஸும் அஸூமாரிலும் விழாமல் கார்சோம்ப் வரை போய்ச் சேர வேண்டும். மற்ற நால்வரையும் தேவைப்பட்டால் இழக்கலாம்.

ஆப்ஷனில் பேட்டில் ஸ்டைல் 'ஸ்விட்ச்' என்றே இருக்கட்டும். ஒன்றைச் சாய்த்ததும் அடுத்து யார் வருகிறார் என்று சொல்லி, மாற்றுகிறீர்களா என்று கேட்கும். கார்சோம்ப் பெயர் வந்தால் எர்த்குவேக்கை இழுக்க எம்போலியனையோ லக்ஸ்ரேயையோ அங்கே நிறுத்தி, அடுத்த டர்னில் கயாரடோஸுக்கு மாறுங்கள்.

லீக்குக்குள் நுழையுமுன் பாஸ்டோரியா ஊரில் மறந்த மூவ்களை நினைவூட்டுபவரிடம் ஹார்ட் ஸ்கேல் என்ற பொருள் ஒன்றைக் கொடுத்துக் கயாரடோஸுக்கு ஐஸ் ஃபாங் திருப்பி வாங்குங்கள். கயாரடோஸ் பெரிதானதும் பலர் முதலில் மறக்கடிக்கும் மூவ் அதுதான். லீக்கின் நான்காமவரான லூசியனை முடித்ததும் பையைத் திறந்து எல்லோருக்கும் ஹெச்.பி. நிரப்பி, சேவ் செய்துவிட்டுக் கதவைத் தாண்டுங்கள். தோற்றால் முதலாமவரான ஆரனிடமிருந்து மறுபடி தொடங்க வேண்டியதில்லை, அந்தச் சேவிலிருந்தே நேராக அவள் எதிரில் போய் நிற்கலாம்.