வேடம் கலையாத விடை: கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

‘கோல்பேர் ரிப்போர்’ என்ற அமெரிக்க நையாண்டித் தொலைக்காட்சி நிகழ்ச்சியின் கடைசிப் பகுதியை இப்போதுதான் பார்த்தேன். ஒன்பதாண்டுகள் வலதுசாரி வாய்ச்சவடால்காரராக நடித்த ஸ்டீபன் கோல்பேர், அன்றும் வேடத்தைக் கலைக்கவில்லை. மரணதேவனைச் சுட்டுக் கொன்று சாகாவரம் பெற்று, கிறிஸ்துமஸ் தாத்தாவின் வண்டியில் பறந்துபோகிறார். மனம்திறந்து ஒரு நன்றி சொல்லியிருக்கக் கூடாதா? இது நேயர்களை ஏமாற்றுவதாகாதா?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

அவர் நன்றி சொன்னார், நீங்கள்தான் கேட்கவில்லை. தன் சாதனைகளாகச் சொல்லப்படும் எதையும் தான் செய்யவில்லை, நேயர்களே செய்தார்கள், தனக்குச் சம்பளம் மட்டும் கிடைத்தது என்று மேசையில் அமர்ந்தபடி சொன்னார். அந்தத் தற்பெருமைக்காரனின் குரலிலேயே சொன்னதால் அது உங்கள் காதில் நன்றியாக விழவில்லை. கண்ணீரைக் கண்டால்தான் நேர்மை என்று நம்பும் பழக்கத்தை முதலில் விட்டொழியுங்கள்.

‘ஏமாற்றுவது’ என்ற சொல்லுக்குப் பதில் சொல்ல எனக்கு விருப்பமில்லை. 2006 ஏப்ரலில், வெள்ளை மாளிகைச் செய்தியாளர் விருந்தில், அதிபர் புஷ் அதே மேடை வரிசையில் அமர்ந்திருக்க, அவரைப் புகழும் பாவனையிலேயே கிழித்துப்போட்ட கலைஞர் அவர்.

வேடத்தைக் கலைக்கத் தெரியாதவரும் அல்லர். 2013 ஜூனில் தாயார் லோர்னா 92 வயதில் இறந்தபின், அதே மேசையிலிருந்து மகனாக மட்டும் பேசினார். பதினொரு பிள்ளைகளில் கடைக்குட்டி அவர். 1974இல் ஒரு விமான விபத்தில் தந்தையையும் இரண்டு அண்ணன்களையும் இழந்தபோது அவருக்குப் பத்து வயது. அவ்வளவு காலம் வாழ்ந்த தாய் இன்னும் சில நாள் இருந்திருக்கலாம் என்று ஏங்குவது பேராசையாகத் தோன்றலாம், ஆனால் அந்த நீண்ட ஆயுளே இழப்பைப் பெரிதாக்குகிறது என்றார். என் அம்மா இறந்த ஆண்டில் நான் அதைத் திரும்பத் திரும்பப் பார்த்தேன். துக்கம் விசாரிக்க வந்தவர்கள் எல்லாரும் ‘நிறைவாக வாழ்ந்துதானே போனார்’ என்றார்கள். நான் தலையாட்டிக்கொண்டே, முந்தைய வாரத்து நாளிதழின் மேல் மடித்து வைத்திருந்த அவருடைய மூக்குக்கண்ணாடியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அதை எடுத்து வைக்க இரண்டு மாதம் யாருக்கும் மனம் வரவில்லை. அந்த நாட்களில் எனக்குத் துணையிருந்தது கோல்பேரின் அந்தச் சில நிமிடப் பேச்சுதான். அம்மாவுக்காகக் கழற்றிய முகமூடியைத் தனக்கான கைத்தட்டலுக்காக அவர் கழற்ற மறுத்ததில் எனக்கு ஆழ்ந்த மதிப்பு உண்டு.

முடிவைச் சிறுபிள்ளைத்தனம் என்று நினைத்துவிடாதீர்கள். பறக்கும் வண்டியிலிருந்து அவர் பேச்சை ‘டெய்லி ஷோ’ என்ற நையாண்டிச் செய்தி நிகழ்ச்சியின் தொகுப்பாளர் ஜான் ஸ்டூவர்ட்டிடம் ஒப்படைக்கிறார். அந்தப் பாத்திரம் பிறந்தது ஸ்டூவர்ட்டின் நிகழ்ச்சியில், ஒரு நிருபராக. 2005 அக்டோபரிலிருந்து 2014 டிசம்பர் 18 வரை ஓடிய 1,400க்கும் மேற்பட்ட பகுதிகளும் அந்த நிருபர் அனுப்பிய ஒரே செய்தியாகிவிடுகின்றன. செய்திக்கு நன்றி சொல்லும் ஸ்டூவர்ட்டின் முகத்தை மட்டும் இன்னொரு முறை பாருங்கள்.