சொல்மூசாரியின் மெழுகு

அன்புள்ள ஐயா,

உங்கள் ‘சொல்மூசாரி’ கதையைப் படித்தேன். எனக்குக் களியக்காவிளை. நிலத்தகராறில் பிரிந்துபோன அண்ணனுக்குத் தங்கச்சி தன் மன்னிப்பை வெண்கலச் சொல்லாக வார்த்து அனுப்புகிறாள். அனுப்பிய பிறகு அவளிடம் கோபமும் இல்லை, மன்னிப்பும் இல்லை, வெறுமனே இருக்கிறாள். மன்னிப்பு கொடுத்தால் குறையுமா ஐயா? எனக்கு ஒப்பவில்லை. இன்னொன்று, நம் பக்கம் மலையாள மாந்திரீகத்துக்குப் பேர்போனது. அதை விட்டுவிட்டு நீங்களாக ஒரு வித்தையைப் புனைந்தது ஏன்?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

இரண்டாவது கேள்வியை முதலில் எடுத்துக்கொள்கிறேன். முதல் கேள்விக்குப் போகும் வழி அதில்தான் இருக்கிறது.

மாந்திரீகத்தின் பலம் மறைவில் இருக்கிறது. மந்திரத்தைத் தொல்காப்பியமே மறைமொழி என்கிறது. செப்புத் தகட்டில் கட்டமும் எழுத்தும் கீறி, சுருட்டித் தாயத்துக்குள் அடைப்பார்கள்; வாசற்படிக்கு அடியில் புதைப்பதும் உண்டு. வெளியே சொன்னால் பலிக்காது என்பது நம்பிக்கை. அதே செம்பில்தான் செப்பேட்டையும் வெட்டினார்கள். ஆனால் செப்பேடு நாலு பேர் முன்னால் எடுத்துக் காட்டவே வெட்டப்பட்டது. வெண்கலம் வார்க்கும் என் மூசாரியின் வித்தை இந்த இரண்டாவது வழியில் வருவது.

முஞ்சிறைக்குப் பக்கத்துப் பார்த்திவபுரத்தை நீங்கள் அறிவீர்கள். ஆய் மன்னன் கருநந்தடக்கன் முஞ்சிறைச் சபையாருக்கு வேறு நிலம் கொடுத்து அந்த இடத்தை வாங்கி, கோயில் கட்டி, காந்தளூர்ச் சாலை என்ற கல்விக்கூடத்தை முன்மாதிரியாகக் கொண்டு 95 சட்டர்கள், அதாவது மாணவர்கள், கற்க ஒரு சாலை அமைத்தான். 866-ஆம் ஆண்டுச் செப்பேடு அதைச் சொல்கிறது. புகழாசையா, பக்தியா, கல்விமேல் பற்றா, அவன் மனதில் என்ன இருந்தது என்று இன்று யார் சொல்ல முடியும்? 95 பேர் என்பது மட்டும் செம்பில் நிற்கிறது. கதை எனக்குப் பிடிபட்டது இங்கேதான்.

வித்தையின் விதியை நான் மூசாரிகளிடமிருந்து எடுத்தேன். எல்லைக்கு அந்தப்பக்கம் உருளியும் விளக்கும் வார்ப்பவர்கள் அவர்கள். மெழுகில் உருவம் செய்து, மேலே மண் அப்பிக் காயவைத்துச் சுடுவார்கள். மெழுகு உருகி வடிந்துவிடும். அது விட்டுப்போன வெற்றிடத்தில்தான் உலோகம் இறங்கும். ஒரு துளி மெழுகு உள்ளே தங்கினாலும் வார்ப்பு கெடும். ஆறியதும் மண் கருவை உடைத்தாக வேண்டும், ஆகவே அதே கருவில் இன்னொன்று வார்க்க வழியில்லை. மாயக்கதையில் எதுவும் நடக்கலாம் என்பதை நான் ஏற்பதில்லை. கைத்தொழில் என்று சொல்லிவிட்டால் அதற்கு ஒரு பொருள் வேண்டும், அந்தப் பொருளுக்கு ஒரு பிடிவாதம் வேண்டும்.

இனி மன்னிப்புக்கு வருகிறேன். மனதில் இருக்கும்வரை அது குறையாது, சரிதான். ஆனால் மனதில் இருந்தவரை அது அண்ணனுக்குப் போய்ச் சேரவும் இல்லையே. ராத்திரி மன்னிப்பாள், காலையில் வேலிக்கல்லைப் பார்த்ததும் பழைய கோபம் ஏறும். இத்தனை வருஷமும் அப்படித்தான். வார்த்துக் கொடுத்த பிறகு அண்ணன் அதைக் கையில் எடுக்கலாம், பெட்டியில் பூட்டலாம், பேரப்பிள்ளைகளுக்குக் காட்டலாம். அவள் நினைத்தாலும் திரும்ப வாங்க முடியாது. நேற்றைய கோபத்துக்கும் அவளால் திரும்ப முடியாது. இவ்வளவு உறுதிக்கு விலை இல்லாமல் இருந்தால் அந்தச் சொல்லை நானே நம்பமாட்டேன்.

அவள் வெறுமனே இருப்பதைப் பார்த்து வருத்தப்பட்டிருக்கிறீர்கள். எனக்கு அந்த இடத்தில் ஆறுதல்தான் இருந்தது. வடிந்த மெழுகை மூசாரி வீணாக்குவதில்லை, சேர்த்துவைத்து வேறு உருவம் பிடிப்பார். அவள் வேறு என்னவாக ஆகிறாள் என்பதை அடுத்த கதையில் எழுதிக்கொண்டிருக்கிறேன். அண்ணனுக்கு அதில் வேலை அதிகம் இல்லை.

அன்புடன்