சாட்சி சொல்லும் முன் மேடை ஏறலாமா?

கேள்வி: நான்கு ஆண்டுகளுக்கு முன் என் மீது அமிலம் வீசப்பட்டது. வழக்கு செஷன்ஸ் நீதிமன்றத்தில் நடக்கிறது. என் சாட்சியம் இன்னும் பதிவாகவில்லை. என்னைப் போல் பாதிக்கப்பட்ட பெண்களுக்குத் துணை நிற்க விரும்புகிறேன். ஒரு கல்லூரியில் பேச அழைத்திருக்கிறார்கள். பேசலாமா? இந்தப் பணியை எங்கிருந்து தொடங்குவது?

பதில்: பேசலாம். ஆனால் உங்கள் சாட்சியமும் குறுக்கு விசாரணையும் முடியும் வரை, சம்பவத்தைப் பற்றியும் குற்றம் சாட்டப்பட்டவரைப் பற்றியும் எந்த மேடையிலும் வாய் திறக்காதீர்கள். எஃப்.ஐ.ஆரில் மாலை ஆறரை மணி என்று இருந்து, கல்லூரியில் எடுத்த வீடியோவில் நீங்கள் "ஆறு மணி இருக்கும்" என்று சொல்லியிருந்தால், எதிர்த்தரப்பு வழக்கறிஞர் அந்த அரை மணி நேரத்தை வைத்தே ஒரு முழு வாய்தாவை ஓட்டிவிடுவார். சிகிச்சை, இழப்பீடு, மருத்துவமனையில் பட்ட அலைச்சல் ஆகியவற்றைப் பற்றிப் பேசத் தடையில்லை. அவையே கேட்பவர்களுக்கு அதிகம் பயன்படும். போகும் முன் அரசு வழக்கறிஞரிடம் ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள்.

மற்றவருக்கு உதவுவதற்கு முதல் தேவை, உங்கள் சொந்தக் கோப்பை நீங்களே படித்திருப்பது. உங்கள் சம்பவம் 2024 ஜூலை 1-க்கு முந்தையது. ஆகவே குற்றப்பிரிவு இந்திய தண்டனைச் சட்டத்தின் 326ஏ. இன்று பாதிக்கப்படும் பெண்ணுக்கோ, அந்த நாளில் அதற்குப் பதிலாக நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 124-ஆம் பிரிவு. இரண்டிலும் குறைந்தபட்சத் தண்டனை பத்து ஆண்டுகள்தான் என்றாலும், காவல் நிலையத்தில் சரியான எண்ணைச் சொல்லிக் கேட்பவருக்குக் கிடைக்கும் மரியாதையே வேறு.

உங்கள் துணை மிகவும் தேவைப்படுவது முதல் சில நாட்களில். அமில வீச்சுக்கு ஆளானவருக்கு அரசு மருத்துவமனையானாலும் தனியார் மருத்துவமனையானாலும் உடனே கட்டணமின்றிச் சிகிச்சை தர வேண்டும் என்பது சட்டம் (முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 357சி பிரிவு, இப்போது அதற்குப் பதிலாக வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 397). மறுத்தால் பொறுப்பாளருக்கு ஓராண்டு வரை சிறைத் தண்டனை உண்டு. இந்தச் சிகிச்சையில் மருந்து, உணவு, படுக்கை, சீரமைப்பு அறுவை சிகிச்சை எல்லாம் அடங்கும் என்று உச்ச நீதிமன்றம் 2015-இல் தெளிவாக்கியது. முதலில் சிகிச்சை அளிக்கும் மருத்துவமனை, "இவர் அமில வீச்சால் பாதிக்கப்பட்டவர்" என்று சான்றிதழ் தர வேண்டும் என்பதும் அதே உத்தரவில் உள்ளது. நோயாளியின் வீட்டார் பதறிக்கொண்டிருக்கும்போது அந்தச் சான்றிதழைக் கேட்டு வாங்க ஒரு ஆள் வேண்டும். அந்த ஆள் நீங்களாக இருக்கலாம். மருந்துக் கடை ரசீதுகளை அன்றன்றே நகல் எடுத்துவிடுங்கள். மஞ்சப்பையில் பத்திரமாக வைத்துக் கொண்டுவந்த ரசீதுகள் எழுத்தே அழிந்து வெள்ளைத் தாளாகக் கிடந்ததை நான் பலமுறை பார்த்திருக்கிறேன்.

அடுத்தது இழப்பீடு. மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் விண்ணப்பிக்க, குற்றவாளிக்குத் தண்டனை கிடைக்கும் வரை காத்திருக்க வேண்டியதில்லை. தேசிய சட்டப்பணிகள் ஆணையம் 2018-இல் வகுத்த திட்டத்தில், அமில வீச்சால் முகம் சிதைந்த பெண்ணுக்குக் குறைந்தது 7 லட்சம், அதிகபட்சம் 8 லட்சம் ரூபாய் என்று இருக்கிறது. விண்ணப்பிக்க உள்ள மூன்று ஆண்டு கால வரம்பைக் காட்டி உங்கள் மனுவையே யாராவது திருப்பியிருந்தால் அதோடு விட்டுவிடாதீர்கள். அந்த வரம்பைச் சம்பவ நாளிலிருந்தோ விசாரணை முடிந்த நாளிலிருந்தோ கணக்கிடலாம், தகுந்த காரணம் இருந்தால் தாமதத்தை மன்னிக்கவும் ஆணைக்குழுவுக்கு அதிகாரம் உண்டு.

பொதுவான கோரிக்கை எழுப்புவது இதற்குப் பிந்திய படி. டெல்லியில் 2005-இல், சிறுமியாக இருந்தபோது தாக்கப்பட்ட லட்சுமி அகர்வால், 2006-இல் உச்ச நீதிமன்றத்தில் பொதுநல வழக்குத் தொடுத்தார். தன்னைத் தாக்கியவர்களின் தண்டனையோடு நின்றுவிடாமல், அமிலம் கடையில் கேட்டவருக்கெல்லாம் கிடைப்பதைக் கட்டுப்படுத்தக் கோரினார். 2013 ஜூலை 18-இல் உத்தரவு வந்தது: வாங்குபவர் அடையாள அட்டை காட்ட வேண்டும், கடைக்காரர் பதிவேடு வைக்க வேண்டும், பாதிக்கப்பட்டவருக்குக் குறைந்தது 3 லட்சம் இழப்பீடு, அதில் ஒரு லட்சம் 15 நாட்களுக்குள். இதற்கு ஏழு ஆண்டுகள் ஆயின என்பதையும் மனதில் வையுங்கள்.

எல்லாக் கோரிக்கையும் அவ்வளவு பெரிதாக இருக்க வேண்டியதில்லை. பிரக்யா பிரசூன் வங்கிக் கணக்குத் தொடங்கச் சென்றபோது, கேமராவைப் பார்த்துக் கண் இமைக்கச் சொன்னார்கள். அமிலத்தால் கண்கள் சேதமுற்ற அவரால் அது இயலவில்லை. அந்த ஒரு கசப்பிலிருந்து எழுந்த வழக்கில்தான், அடையாளச் சரிபார்ப்புக்கு மாற்று வழிகள் தர வேண்டும் என்று 2025 ஏப்ரல் 30-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. நீங்களும் உங்களைத் தடுத்து நிறுத்திய கவுன்ட்டர்களையும் படிவங்களையும் தேதியோடு ஒரு நோட்டில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.

ஓர் எச்சரிக்கை. உதவி கேட்டு வருபவரின் அசல் ஆவணங்களை ஒருபோதும் உங்கள் கைவசம் வைத்துக்கொள்ளாதீர்கள். இழப்பீட்டில் ஒரு ரூபாய்கூட வாங்காதீர்கள். கல்லூரிக்காரர்களிடம் பேச்சின் தலைப்பை எழுத்தில் கேட்டு வாங்குங்கள், கேள்வி நேரத்தில் யாராவது "அன்று என்ன நடந்தது?" என்று தொடங்கினால், வழக்கு விசாரணையில் இருக்கிறது என்று சொல்லி அடுத்த கேள்விக்குப் போய்விடுங்கள்.