ஸ்பிக்னியெவ் ரிப்சின்ஸ்கி: ஓர் அறையும் 36 மனிதர்களும்

போலந்து அனிமேஷன் இயக்குநர் ரிப்சின்ஸ்கி ஏன் முக்கியமானவர், ஒரு குறும்படத்தால் மட்டுமே அறியப்பட்டவரா என்று கேட்டிருந்தீர்கள்.

1949இல் வூச் நகரில் பிறந்து, அங்குள்ள திரைப்படப் பள்ளியில் ஒளிப்பதிவு பயின்ற அவர், அதே நகரின் செமாஃபோர் ஸ்டூடியோவில் எடுத்த ‘டாங்கோ’ (1980) தான் அவருடைய பெயரை நிலைநிறுத்தியது என்பதில் ஐயமில்லை. ஒரு சிறிய அறைக்குள் பந்தைத் தேடி ஒரு சிறுவன் ஜன்னல் வழியே ஏறி வருகிறான். அவனில் தொடங்கி ஒவ்வொருவராக நுழைந்து, தத்தம் செயலையே திரும்பத் திரும்பச் செய்யும் 36 பேர், எட்டு நிமிடத்துக்குள் ஒருவரையொருவர் முட்டாமலும் கவனிக்காமலும் அந்த அறையை நிறைத்துவிடுகிறார்கள். கணினி உதவியின்றி, ஒவ்வோர் உருவத்தையும் பின்னணியிலிருந்து பிரித்தெடுக்க உதவும் ஏறத்தாழ 16,000 மறைப்புகளைக் கையால் வரைந்து, காட்சிகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிப் பதிக்கும் கருவியான ஆப்டிகல் பிரிண்டரில் பல லட்சம் முறை ஒளிப்பதித்து, சுமார் ஏழு மாத உழைப்பில் இதை அவர் உருவாக்கினார். தொழில்நுட்பத்தைவிட, நெரிசலுக்குள் இருக்கும் தனிமையே என்னைக் கவர்ந்தது.

1983இல் இப்படம் ஆஸ்கர் விருது பெற்றது. விழாவின்போது புகைபிடிக்க வெளியே சென்றவர் மீண்டும் உள்ளே நுழைய முயன்றதில் காவலருடன் தகராறு ஏற்பட்டு, விருது பெற்ற இரவே சிறையில் அடைக்கப்பட்டது தனிக்கதை.

பின்னர் அமெரிக்காவில் குடியேறி, இசைக் காணொளிகள் பலவற்றை இயக்கிய அவர், 1990இல் வெளியான ‘தி ஆர்கெஸ்ட்ரா’ படத்தில் உயர் தெளிவு (HD) வீடியோவைக் கையாண்டார். ‘டாங்கோ’வில் கையால் செய்த அடுக்கு வேலையின் மின்னணுத் தொடர்ச்சியாகவே இதைக் கருதுகிறேன்.