முன்னாள் படைவீரர் குடும்பத்துக்கு மாநில அரசின் உதவிகள்: முதலில் பெயரைச் சரிசெய்யுங்கள்

கேள்வி: என் கணவர் மதராஸ் ரெஜிமெண்டில் பதினேழு ஆண்டுகள் பணியாற்றி 2010-இல் ஹவில்தாராக ஓய்வு பெற்றவர். கடந்த ஆண்டு ஐம்பது வயதில் மாரடைப்பால் காலமானார். குடும்ப ஓய்வூதியம் எனக்கு வந்துகொண்டிருக்கிறது. மகள் பிளஸ் டூ முடித்துவிட்டுப் பொறியியல் சேர விரும்புகிறாள், மகன் ஒன்பதாம் வகுப்பு படிக்கிறான். தமிழக அரசிடமிருந்து எங்களுக்கு என்னென்ன உதவிகள் கிடைக்கும்? மத்திய ரிசர்வ் போலீஸ் படையில் ஓய்வு பெற்ற என் தம்பிக்கும் அவை பொருந்துமா? – வேலூர் மாவட்ட வாசகி.

பதில்: வீட்டுக்கு ஒருவர் படையில் இருக்கும் கம்மவான்பேட்டை போன்ற ஊர்கள் உள்ள மாவட்டத்தில்கூட, இந்த உதவிகள் பலருக்குக் கிடைக்காமல் போவதற்குக் காரணம் பெரும்பாலும் தகுதியின்மை அல்ல, ஆவணங்களில் உள்ள முரண்பாடுதான். ஆகவே எந்தத் திட்டத்துக்கும் விண்ணப்பம் எழுதுவதற்கு முன்பாக, பணியிலிருந்து விடுவிக்கும்போது படை தந்த கணவரின் டிஸ்சார்ஜ் புத்தகத்தையும் ஓய்வூதிய ஆணையையும் உங்கள் ஆதார் அட்டையையும் மேசையில் வைத்து, பெயர், பிறந்த தேதி ஆகியவற்றை எழுத்துக்கு எழுத்து ஒப்பிட்டுப் பாருங்கள். ஆதாரில் மகாலட்சுமி என்றிருப்பவர் டிஸ்சார்ஜ் புத்தகத்தில் வெறும் லட்சுமியாக இருப்பதும், இனிஷியலை விரித்து எழுதத் தெரியாத வடநாட்டு எழுத்தர் மாமனார் பெயரையே குடும்பப் பெயராக ஆக்கியிருப்பதும் நம் பக்கத்தில் மிகச் சாதாரணம்.

உங்கள் மகனின் வயதைப் பார்த்தால், உங்கள் கணவர் ஓய்வு பெற்ற பிறகே அவன் பிறந்திருப்பான் என்று தோன்றுகிறது. அப்படியானால் அவன் பெயர் டிஸ்சார்ஜ் புத்தகத்தில் இருக்க வழியில்லை. பணியில் இருக்கும்போது பிறந்த குழந்தையின் பெயர், படைப்பிரிவு வெளியிடும் ‘பார்ட் டூ ஆர்டர்’ என்ற ஆணை மூலம் பதிவேட்டில் ஏறிவிடும். பின்னர் பிறந்த குழந்தைக்கு நாமே கேட்டுச் சேர்க்க வேண்டும். பிறப்புச் சான்று, திருமணச் சான்று, கணவரின் இறப்புச் சான்று, வட்டாட்சியர் வழங்கும் வாரிசுச் சான்று ஆகியவற்றின் நகல்களுடன் மாவட்ட முன்னாள் படைவீரர் நல அலுவலகத்தின் வழியாக ஆவணக் காப்பகத்துக்கு விண்ணப்பியுங்கள். மதராஸ் ரெஜிமெண்டின் ஆவணக் காப்பகம் நீலகிரி மாவட்டம் வெலிங்டனிலேயே இருப்பது உங்கள் நல்லூழ். பீரங்கிப் படையில் இருந்தவரின் மனைவி நாசிக்குக்கும், கடற்படை மாலுமியின் மனைவி மும்பைக்கும் கடிதம் எழுதிக் காத்திருக்க வேண்டியிருக்கும்.

இரண்டாவது வேலை, கணவரின் பெயரில் இருந்த முன்னாள் படைவீரர் அடையாள அட்டைக்குப் பதிலாக, விதவையருக்கான அட்டையை அதே மாவட்ட அலுவலகத்தில் பெறுவதாகும். உதவி இயக்குநர் தலைமையில் இயங்கும் இந்த அலுவலகம்தான் உங்களுக்கு எல்லாவற்றுக்கும் வாசல். மாநில அரசின் உதவிகளுக்கும், தில்லியில் உள்ள மத்திய அரசின் முன்னாள் படைவீரர் நல வாரியமான கேந்திரிய சைனிக் போர்டின் உதவிகளுக்கும் பரிந்துரை இங்கிருந்தே செல்கிறது. விண்ணப்பங்களுக்குக் கட்டணம் கிடையாது. அலுவலக வாசலில் படிவம் பூர்த்தி செய்து தருவதாகச் சொல்லி ஆயிரம் ரூபாய் கேட்பவர்களை நம்பத் தேவையில்லை.

இனி மகளின் படிப்பு. அண்ணா பல்கலைக்கழகத்தில் தொடங்கி மாநிலம் முழுவதற்குமான பொறியியல் கலந்தாய்வில் முன்னாள் படைவீரர் குடும்பங்களுக்கென 150 இடங்கள் ஒதுக்கப்பட்டுள்ளன. மாற்றுத்திறனாளிகள், விளையாட்டு வீரர்கள் ஆகியோருடன் சேர்த்து, பொதுக் கலந்தாய்வுக்கு முன்பாகவே இந்தச் சிறப்புப் பிரிவுக்கான கலந்தாய்வு நடத்தப்படுகிறது. இதற்கு மகள் முன்னாள் படைவீரரைச் சார்ந்தவர் என்று மாவட்ட அலுவலகம் தரும் சார்ந்தோர் சான்று அவசியம். போரில் உயிரிழந்தவர்கள், போரில் ஊனமுற்றவர்கள் ஆகியோரின் பிள்ளைகள் முன்னுரிமை வரிசையில் முதலில் வருவார்கள், ஓய்வுக்குப் பின் இயற்கையாக மறைந்தவரின் பிள்ளைகள் அதற்குப் பின்னர்தான் வருவார்கள் என்பதால், இந்த இடத்தையே நம்பி இருந்துவிடாமல் பொதுக் கலந்தாய்விலும் மகள் பங்கேற்கட்டும். இணையத்தில் விண்ணப்பிக்கும்போதே சிறப்புப் பிரிவைக் குறிப்பிட மறந்துவிட்டு, பின்னர் சான்றை எடுத்துக்கொண்டு ஓடுபவர்களை ஒவ்வோர் ஆண்டும் காண முடிகிறது.

கல்லூரியில் சேர்ந்தபின், முதலாம் ஆண்டிலேயே பிரதமரின் கல்வி உதவித்தொகைக்கு விண்ணப்பித்துவிடுங்கள். இது மாநில அரசின் திட்டமல்ல என்றாலும், உங்கள் நிலைமைக்கு இதுவே பெரிய தொகை: பெண்களுக்கு மாதம் 3,000 ரூபாய், அதாவது ஆண்டுக்கு 36,000 ரூபாய். பிளஸ் டூவில் 60 சதவீத மதிப்பெண் வேண்டும். இரண்டாம் ஆண்டில் நினைவு வந்து பயனில்லை.

மகனுக்கு இரண்டு வழிகள் உள்ளன. முன்னாள் படைவீரர் நலனுக்கான மாநிலத்தின் தொகுப்பு நிதியிலிருந்து பள்ளி மாணவர்களுக்கு ஆண்டுதோறும் கல்வி உதவித்தொகை வழங்கப்படுகிறது. மற்றொன்று, ஹவில்தார் தரம் வரையிலானவர்களின் இரண்டு பிள்ளைகளுக்குக் கேந்திரிய சைனிக் போர்டு தரும் கல்வி மானியம். மாதம் 1,000 ரூபாயாக இருந்த இது, 2025 நவம்பர் 1 முதல் அளிக்கப்படும் விண்ணப்பங்களுக்கு 2,000 ரூபாயாக உயர்த்தப்பட்டுள்ளது. மாநில அரசிடம் கல்வி உதவி பெறுபவர் மத்திய மானியத்தைக் கோர முடியாது என்பதால், இரண்டுக்கும் விண்ணப்பம் போட்டுவிட்டுப் பிறகு விளக்கம் எழுதிக்கொண்டிருக்க வேண்டாம். தொகையை மட்டும் பார்த்தால் மத்திய மானியத்தையே நான் தேர்ந்தெடுப்பேன், ஆனால் மகனின் பெயர் ஆவணத்தில் ஏறும் வரை அதுவும் நகராது.

தொகுப்பு நிதியில் வேறு உதவிகளும் இருக்கின்றன: மகள் திருமணத்துக்கு மானியம், ஈமச்சடங்கு உதவி, மூக்குக்கண்ணாடிக்கு மானியம், தையல் பயிற்சி முடித்த விதவையருக்குத் தையல் இயந்திரம், புற்றுநோய், காசநோய், பக்கவாதம் போன்றவற்றால் பாதிக்கப்பட்டவர்களுக்கு மாதாந்திர உதவி. ஈமச்சடங்கு உதவியை இதுவரை கேட்கவில்லை என்றால், அடையாள அட்டைக்குச் செல்லும் அன்றே அதைப் பற்றியும் விசாரியுங்கள். மகளின் திருமணம் இன்னும் தொலைவில் இருந்தாலும் ஒன்றை மனத்தில் வையுங்கள். மத்திய போர்டின் திருமண மானியத்துக்குத் திருமணம் நடந்த 180 நாட்களுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். கல்யாண அலைச்சல் ஓய்ந்து கணக்குப் பார்க்க உட்காரும்போது அந்தக் கெடு பெரும்பாலும் தாண்டியிருக்கும்.

சிறுதொழில் தொடங்கும் எண்ணம் இருந்தால், 2024 சுதந்திர தின உரையில் முதலமைச்சர் மு.க. ஸ்டாலின் அறிவித்த ‘முதல்வரின் காக்கும் கரங்கள்’ திட்டத்தைப் பற்றி அலுவலகத்தில் கேளுங்கள். ஒரு கோடி ரூபாய் வரையிலான வங்கிக் கடனில் 30 சதவீத மூலதன மானியமும் 3 சதவீத வட்டி மானியமும் அதில் உண்டு. ஆயினும் மானியத்தைக் கழித்த பின் மீதமுள்ளது கடன்தான். குடும்ப ஓய்வூதியத்தை மட்டுமே வருவாயாகக் கொண்டவர் பெருந்தொகைக்கு ஆசைப்படுவதை நான் ஊக்குவிக்க மாட்டேன்.

அதிலும் உங்கள் ஓய்வூதியம் இப்போதுள்ள அளவிலேயே நிற்காது. ஓய்வுக்குப் பின் இறந்தவரின் மனைவிக்கு முதல் ஏழு ஆண்டுகளுக்கோ, கணவர் இருந்திருந்தால் 67 வயதை எட்டியிருக்கும் நாள் வரையோ, எது முன்னதோ அதுவரை மட்டுமே உயர்த்தப்பட்ட விகிதம் உண்டு. அதன்பின் அது கடைசி ஊதியத்தின் 30 சதவீதமாகக் குறையும். உங்களுக்கு ஏழாண்டுக் கணக்கே பொருந்தும். மகன் கல்லூரியில் இருக்கும் காலத்தில் அந்தக் குறைவு வரும் என்பதை இப்போதே கணக்கில் எடுத்துக்கொள்ளுங்கள்.

உங்கள் தம்பியின் கேள்விக்குப் பதில் அவருக்கு உவப்பாக இராது. முன்னாள் படைவீரர் என்ற வரையறை தரைப்படை, கடற்படை, விமானப்படை ஆகிய மூன்றுக்கும் உரியது; மத்திய ரிசர்வ் போலீஸ் படை, எல்லைப் பாதுகாப்புப் படை போன்றவை உள்துறை அமைச்சகத்தின் கீழ் வருபவை. அவற்றில் ஓய்வு பெற்றோர் எத்தனை ஆண்டுகள் காஷ்மீரில் காவல் நின்றிருந்தாலும், மேலே சொன்ன உதவிகள் அவர்களுக்குப் பொருந்துவதில்லை. இது நியாயமா என்ற விவாதம் நீண்ட காலமாக நடந்துவருகிறது. விதி அப்படித்தான் இருக்கிறது. நான்கு ஆண்டுகளில் வெளியேறும் அக்னிவீரர்களுக்கும் முன்னாள் படைவீரர் தகுதி கிடையாது என்பதால், உறவில் யாரேனும் அந்த அக்னிபத் திட்டத்தில் சேர்ந்திருந்தால் அவர்களும் இந்த வேறுபாட்டை அறிந்திருப்பது நல்லது.

மாவட்ட அலுவலகத்தில் உங்கள் விண்ணப்பம் நகராமல் கிடந்தால், ஆட்சியர் தலைமையில் அவ்வப்போது நடக்கும் முன்னாள் படைவீரர் மற்றும் சார்ந்தோருக்கான சிறப்புக் குறைதீர் கூட்டத்தில் மனுவை எழுத்து மூலம் கொடுங்கள். முந்தைய விண்ணப்பத்தின் ஒப்புகைச் சீட்டின் நகலை அதனுடன் இணைப்பதற்கு மறக்காதீர்கள்.